மத்தியஸ்தர் காணாத கை

உதைபந்தாட்ட மத்தியஸ்தர் ஒருவரின் பெயர் பொதுமக்களின் வாயில் அடிபடுகிறதென்றால், அவர் ஏதோ பிழை விட்டிருக்கிறார் என்பதே பெரும்பாலும் அதன் பொருள். 1998ஆம் ஆண்டு உலகக் கிண்ண இறுதிப் போட்டியைப் பார்த்தவர்கள் ஸிடான் தலையால் அடித்த இரண்டு கோல்களையும் இன்றும் சொல்வார்கள். அந்தப் போட்டியின் மத்தியஸ்தர் யார் என்று கேட்டால் விழிப்பார்கள். அவர் மொரோக்கோவின் ஸயீத் பெல்கோலா. உலகக் கிண்ண இறுதிப் போட்டியொன்றை நடத்திய முதலாவது ஆபிரிக்கரும் முதலாவது அறபியும் அவரே. நான்கு ஆண்டுகள் கழித்து, 2002இல், நோயுற்று 45ஆவது வயதில் காலமானார். நல்ல மத்தியஸ்தத்துக்குக் கிடைக்கும் பரிசு மறதிதான்.

மறக்கப்படாத இன்னொரு மத்தியஸ்தர் இருக்கிறார். அவரும் மக்ரிபைச் சேர்ந்தவர்தான். தூனிஸியாவின் அலி பின் நாஸர். 1986 ஜூன் 22ஆம் திகதி மெக்ஸிகோ நகரின் அஸ்டெக்கா மைதானத்தில், ஓர் இலட்சத்துக்கும் மேற்பட்ட சனத்தின் முன்னால், ஆர்ஜென்டீனாவும் இங்கிலாந்தும் மோதிய காலிறுதிப் போட்டியை நடத்தியவர். அப்போது அவருக்கு வயது 42. எத்தனையோ மைதானங்களில் எத்தனையோ ஆண்டுகள் ஓடி ஓடி ஊதிய விசில்கள் அனைத்தையும் அந்த ஒரு பகற்பொழுதின் ஒரு கணம் விழுங்கிவிட்டது. அந்தக் கணத்தை முன்வைத்து ஒரு கேள்வியைக் கேட்டுப் பார்ப்பதே இக்கட்டுரையின் நோக்கம். தான் காணாத ஒன்றைப் பற்றித் தீர்ப்புச் சொல்ல வேண்டிய நிலையில் நிற்கும் மனிதன், அத்தீர்ப்புப் பிழைத்துப் போகும்போது எவ்வளவுக்குப் பொறுப்பாளி?

நடந்தது எல்லோருக்கும் தெரிந்த கதை. இரண்டாவது பாதி தொடங்கி ஆறாவது நிமிடம். இங்கிலாந்து வீரர் ஸ்டீவ் ஹொட்ஜின் காலில் பட்டுத் தவறிய பந்து மேலெழும்பித் தன் சொந்தக் கோல் காப்பாளர் பீட்டர் ஷில்டனை நோக்கிச் சென்றது. ஷில்டன் உயரமானவர். எதிரே பாய்ந்து வந்த மரடோனாவோ குள்ளமானவர். இருவரும் ஒரே நேரத்தில் துள்ளினார்கள். பந்து வலைக்குள் போயிற்று. இங்கிலாந்து வீரர்கள் தங்கள் கைகளைத் தட்டிக் காட்டியபடி மத்தியஸ்தரைத் துரத்தினார்கள். மரடோனா கொண்டாட்டமாக ஓடினார். கோல் கோலாகவே நின்றது. ஆர்ஜென்டீனா 2-1 என வென்று, பின்னர் கிண்ணத்தையும் வென்றது.

பின் நாஸர் பிற்காலத்தில் அளித்த செவ்விகளில் சொன்னதைச் சுருக்கினால் இவ்வளவுதான். துள்ளிய இருவரின் முதுகுதான் தனக்குத் தெரிந்தது. அவர்கள் உதவி மத்தியஸ்தர் நின்ற பக்கத்தை நோக்கியிருந்தார்கள். தனக்குத் தயக்கம் இருந்தது. ஆகவே பல்கேரியரான உதவி மத்தியஸ்தர் பொக்தான் டோச்செவை நோக்கினார். டோச்செவ் கொடியை உயர்த்தவில்லை. கோல் என்பதை உறுதி செய்வது போல மைதானத்தின் நடுப்பகுதியை நோக்கி ஓடிக்கொண்டிருந்தார். உம்மிலும் பார்க்க நல்ல இடத்தில் நிற்பவரின் பார்வையை மதியுங்கள் என்பது போட்டிக்கு முன் பீபா கொடுத்திருந்த அறிவுறுத்தல். அதையே தான் செய்தாராம்.

டோச்செவின் பக்கத்துக் கதை வேறு. ஏதோ ஒழுங்கீனம் நடந்திருப்பதாகத் தனக்கு உடனேயே பட்டது. ஆனால் அந்தக் காலத்தில் மத்தியஸ்தருடன் தீர்ப்பைப் பற்றிக் கலந்து பேச உதவியாளருக்கு அனுமதி இருக்கவில்லை. மத்தியஸ்தரே கோல் என்று கைகாட்டிய பின் தான் என்ன செய்ய முடியும் என்பது அவருடைய வாதம்.

இந்த இரு கூற்றுக்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். ஒருவருக்குத் தயக்கம் இருந்தது. அவர் மற்றவரைப் பார்த்தார். மற்றவருக்கும் சந்தேகம் இருந்தது. அவர் முதலாமவரைப் பார்த்தார். மைதானத்தில் நீதியின் பொறுப்பாளிகளாக நின்ற இருவர் மனதிலும் உண்மையின் நிழல் விழுந்திருக்கிறது. ஆயினும் அது தீர்ப்பாக மாறவில்லை. இரண்டு மனிதர்களுக்கிடையே கிடந்த ஓர் இடைவெளியில் அது விழுந்து போயிற்று. நிர்வாகம் என்று நாம் சொல்லும் ஒவ்வொன்றிலும் இந்த இடைவெளி உண்டு. கீழே இருப்பவர் மேலிடம் பார்க்கும் என்றிருப்பார். மேலே இருப்பவர் கீழிருந்து அறிக்கை வரவில்லையே என்பார். பள்ளிவாசல் நம்பிக்கையாளர் சபையில் கணக்குப் பார்த்த அனுபவமுள்ள எவருக்கும் இதை விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை. அமானிதத்தை இருவர் பகிர்ந்து சுமக்கும்போது பாரம் பாதியாகக் குறைவதாக நாம் எண்ணிக்கொள்கிறோம். உண்மையில் இருவருக்கும் அது முழுப்பாரமாகவே இருக்க வேண்டியது.

ஆகவே பின் நாஸர் குற்றவாளியா? நமது மரபில் இக்கேள்விக்கு இரண்டு திசைகளில் விடை இருக்கிறது. தீர்ப்பளிப்பவர் உண்மையைக் கண்டடைய முழுமையாக முயன்று சரியான முடிவை எட்டினால் அவருக்கு இரண்டு கூலிகள், முயன்றும் பிழைத்துப் போனால் ஒரு கூலி என்ற கருத்துடைய நபிமொழி எல்லோரும் அறிந்தது. இது பிழைக்குக் கொடுக்கும் கூலியன்று. முயற்சிக்குக் கொடுக்கும் கூலி. இதே மரபில் தான் இன்னொரு நபிமொழியும் உண்டு. அது காழிகளை மூவகைப்படுத்தி, இருவகையினரை நரகத்துக்கு உரியவர்களாகச் சொல்கிறது. உண்மையை அறிந்தும் மாறாகத் தீர்ப்பளிப்பவர் ஒருவர். அறியாமையோடு தீர்ப்பளிப்பவர் மற்றவர். இந்தப் பயத்தினாலேயே முன்னோர்களில் பெரியவர்கள் காழிப் பதவியைக் கண்டு ஓடினார்கள். இமாம் அபூஹனீபா அதை மறுத்துச் சிறைவாசம் அனுபவித்தது வரலாறு.

அறியாமையோடு தீர்ப்பளித்தவர் என்ற வகுப்பில் பின் நாஸரைச் சேர்க்கலாமா? முடியாது என்றே நினைக்கிறேன். அங்கே கண்டிக்கப்படும் அறியாமை, சட்டம் தெரியாமலே ஆசனத்தில் ஏறி அமர்பவரின் அறியாமை. பின் நாஸருக்குச் சட்டம் தெரியும். தெரியாமற் போனது சம்பவம். சம்பவத்தை அறிய அவருக்கு இருந்த ஒரே வழி சாட்சியம். அந்தச் சாட்சியத்தை அவர் தேடினார். நமது சட்ட அறிஞர்களில் பலர், நீதிபதி தன் சொந்த அறிவை மட்டும் நம்பித் தீர்ப்பளிக்கலாகாது, சாட்சியத்தின் மீதே நிற்க வேண்டும் என்றார்கள். வெறும் ஊகத்தை வைத்து ஒரு கோலை மறுத்திருந்து, அது உண்மையில் தலையால் அடித்த கோலாக இருந்திருந்தால் அந்த அநீதிக்கு எந்தச் சமாதானமும் இருந்திராது.

ஆனால் அவரை முற்றாக விடுவித்துவிடவும் மனம் ஒப்பவில்லை. ஒரு நீதிபதிக்குத் தயக்கம் எழுமாயின், சாட்சியின் மௌனத்தை மட்டும் வாசிப்பது போதுமா? சாட்சியிடம் நடந்து போய் ஒரு வார்த்தை கேட்பது கடமையல்லவா? ஆட்டம் மீண்டும் தொடங்கும் வரை தீர்ப்பை மாற்ற மத்தியஸ்தருக்கு உரிமை உண்டு. சில செக்கன்களே ஆனாலும் அவகாசம் இருந்தது. கொடி உயராததை அவர் சாட்சியமாக எடுத்துக்கொண்டார். மௌனம் சம்மதமாகலாம். ஆனால் மௌனம் எப்போதும் சாட்சியமாகாது. இஜ்திஹாதுக்கான கூலி முயற்சிக்கே என்றால், அந்த முயற்சி இன்னும் ஓரடி போயிருக்கலாம். அவருடைய பொறுப்பு இவ்வளவுதான். இதற்கு மேல் ஏற்றினால் அநியாயம்.

ஏனெனில் அந்த மைதானத்தில் சந்தேகமே இல்லாமல் உண்மையை அறிந்திருந்த மனிதர் ஒருவர் இருந்தார். பந்தைத் தட்டிய கைக்குச் சொந்தக்காரர். அவரிடம் எவரும் கேட்கவில்லை. அவராகவும் சொல்லவில்லை. போட்டி முடிந்து பத்திரிகையாளர் கேட்டபோது, அந்தக் கோலில் கடவுளின் கைக்கும் பங்கிருந்ததாகப் பகிடியாகச் சொன்னார். அந்தப் பெயரே நிலைத்துவிட்டது. தன் கையின் வேலையைக் கடவுளின் கணக்கில் எழுதுவது மனிதனுக்குப் பழைய வழக்கம். களவெடுத்த ஒருவன் அல்லாஹ்வின் விதிப்படியே எடுத்தேன் என்று வாதாட, உமுர் (ரழி) அவர்கள் உனக்குத் தண்டனையும் அதே விதிப்படிதான் என்று பதிலளித்ததாக ஒரு செய்தி சொல்லப்படுவதுண்டு. விதியைச் சாட்சிக்கு அழைப்பவன் தன் பொறுப்பிலிருந்து தப்ப முடியாது. வேண்டுமென்றே கையால் தட்டியதை மரடோனா 2005இல், தானே நடத்திய தொலைக்காட்சி நிகழ்ச்சியில் வெளிப்படையாக ஒப்புக்கொண்டார். பத்தொன்பது ஆண்டுகள் கழித்து.

இந்த இடத்தில் நம்மைப் பற்றியும் ஒரு வார்த்தை சொல்லத்தான் வேண்டும். 1982இல் மல்வினாஸ் தீவுகளுக்காக நடந்த போரில் ஆர்ஜென்டீனா இங்கிலாந்திடம் தோற்றிருந்தது. நான்கே ஆண்டுகளில் மைதானத்தில் பழி தீர்ந்ததாக அந்நாட்டவர் மகிழ்ந்தார்கள். வெள்ளையரின் ஆட்சியில் கிடந்தெழும்பிய நாடுகளில் பிறந்த நம் போன்ற பலரும் உள்ளூர மகிழ்ந்தோம். பெரியவனைச் சின்னவன் ஏமாற்றினான் என்பதில் ஒரு ருசி இருக்கிறது. போரில் தந்திரம் ஆகும் என்று அதற்கொரு நியாயமும் நாக்கு நுனியில் இருக்கிறது. ஆனால் அங்கே நடந்தது போரல்ல. இரு தரப்பும் ஒரே சட்டத்துக்குக் கட்டுப்படுவதாக ஒப்புக்கொண்டு இறங்கிய ஆட்டம். ஒரு கூட்டத்தார் மீதுள்ள வெறுப்பு உங்களை நீதி தவறச் செய்துவிட வேண்டாம் என்ற கருத்தை அல்குர்ஆன் நம்மைப் பார்த்தே சொல்கிறது. வெறுக்கப்படும் கூட்டத்தார் நல்லவர்களாக இருந்தால் மட்டும் என்று அது நிபந்தனை போடவில்லை.

அது மட்டுமல்ல. அந்த ஏமாற்றின் விலையைக் கொடுத்தது யார்? இங்கிலாந்தின் சாம்ராஜ்யமா? இங்கிலாந்து ஒரு போட்டியில் தோற்றது, அவ்வளவுதான். விலையைக் கொடுத்தவர், 1956 வரை பிரான்சின் பிடியில் இருந்த ஒரு சிறிய நாட்டிலிருந்து வந்த அறபு ஆபிரிக்கர். அந்தப் போட்டிக்கு ஐரோப்பிய மத்தியஸ்தர் ஒருவரை பீபா நியமித்திருந்தால் அந்தக் கோல் மறுக்கப்பட்டிருக்கும் என்று டோச்செவே பிற்காலத்தில் சொன்னார். அருகில் நின்று கொடியை உயர்த்தாத ஐரோப்பியர் அவர்! ஆபிரிக்கரின் ஒரு பிழை ஆபிரிக்கர் எல்லோருடைய தகுதிக்கும் எதிரான சாட்சியமாகிவிடுகிறது. ஐரோப்பியரின் பிழை அந்தத் தனிமனிதரின் பிழையாகவே நின்றுவிடுகிறது. சிறுபான்மையாக வாழும் நமக்கு இந்தக் கணக்கு நன்றாகத் தெரியும். வல்லவனை ஏமாற்றியதாக நாம் கொண்டாடிய தந்திரத்தின் கடன் சீட்டு எளியவன் ஒருவனின் பெயரில் எழுதப்பட்டிருந்தது.

டோச்செவையும் நான் பரிகசிக்கவில்லை. அவரும் விலை கொடுத்தவர்தான். மரடோனா தன் வாழ்வையே பாழாக்கிவிட்டார் என்ற மனக்கசப்பு அவரை விட்டு நீங்கவில்லை. 2017இல் காலமானார்.

அலி (ரழி) அவர்களின் கேடயம் பற்றி மேடைகளில் நாம் அடிக்கடி கேட்கும் சம்பவத்தை இங்கே நினைவுகூரலாம். கலீபாவாக இருந்த அவர்கள் தொலைத்த கேடயத்தை வேறு மதத்தவர் ஒருவரிடம் கண்டு, காழி ஷுரைஹிடம் வழக்குக் கொண்டு போனார்கள். போதிய சாட்சி இல்லை. காழி கலீபாவுக்கு எதிராகத் தீர்ப்பளித்தார். நீதியின் முன் ஆட்சியாளனும் சமம் என்பதற்கு உதாரணமாகவே இதைச் சொல்வது வழக்கம். ஆனால் கதையின் முடிவை மறந்துவிடுகிறோம். கேடயம் உண்மையில் அலி (ரழி) அவர்களுடையது. அதாவது, காழியின் தீர்ப்பு முறையில் சரி, உண்மையில் பிழை. அந்தப் பிழையைத் திருத்தியவர் காழியல்ல, வழக்கில் வென்றவர். தீர்ப்பைக் கையில் வாங்கிக்கொண்டு சில அடிகள் நடந்தவர், திரும்பி வந்து கேடயம் என்னுடையதல்ல என்றார்.

நீதி என்பது நீதிபதி ஒருவரால் மட்டும் செய்து முடிக்கக்கூடிய காரியமல்ல என்பதே இதன் சாரம். நீதிபதியால் உண்மைக்கு அருகே வர மட்டுமே முடியும். மீதித் தூரத்தை உண்மையை அறிந்தவர்தான் நடந்து வர வேண்டும். தன்னிடம் வழக்குக் கொண்டு வருபவர்களில் ஒருவர் வாதத் திறமை மிக்கவராக இருக்கலாம், கேட்பதை வைத்தே தான் தீர்ப்பளிக்க நேரும், அப்படித் தவறுதலாகச் சகோதரனின் உரிமையைப் பெற்றுக்கொண்டவர் எடுத்துச் செல்வது நெருப்புத் துண்டே என நபி (ஸல்) அவர்களே எச்சரித்திருக்கிறார்கள். வஹி வந்த ஒருவரே தீர்ப்பில் தம்மை மனிதர் என்று சொல்லிக்கொண்டார்கள் என்றால், அஸ்டெக்காவில் முதுகுகளை மட்டும் கண்ட மனிதரிடம் நாம் எதைக் கேட்கிறோம்? நாம் பின்பற்றும் ஷாபிஈ மத்ஹபில் இது சட்டமாகவே நிலைபெற்றிருக்கிறது. காழியின் தீர்ப்பு வெளியே செல்லும். உள்ளே ஹறாமை ஹலாலாக்காது. மத்தியஸ்தர் கோல் என்றார், ஆகவே அது கோல் என்பது சட்டத்தின் வாய்பாடு. மனச்சாட்சிக்கு அந்த வாய்பாடு கிடையாது.

ஒரு விளையாட்டு வீரரிடம் இதை எதிர்பார்ப்பது அதிகப்படி என்று சொல்பவர்கள் உண்டு. அவர்களுக்கு ஒரு சம்பவம். 2012 செப்டெம்பரில் இத்தாலியில் நாப்போலி, லாஸியோ அணிகள் மோதிய போட்டியில் லாஸியோவின் ஜேர்மனிய வீரர் மிரொஸ்லாவ் குளோஸே அடித்த பந்து வலைக்குள் போயிற்று. மத்தியஸ்தர் கோல் வழங்கினார். குளோஸே மத்தியஸ்தரிடம் சென்று, பந்து தன் கையில் பட்டதாகச் சொன்னார். கோல் விலக்கப்பட்டது. எதிரணி வீரர்கள் அவருக்குக் கை கொடுத்தார்கள். லாஸியோ அன்று 3-0 எனத் தோற்றது. இது நடந்த மைதானம் எது தெரியுமா? மரடோனா நாப்போலிக்காக ஏழு ஆண்டுகள் ஆடிய அதே சான் பாவ்லோ. 2020இல் மரடோனா மறைந்த பின் அந்த மைதானத்துக்கு அவருடைய பெயரையே சூட்டினார்கள். உண்மை சொன்ன கோல் காணாமற் போனது. சொல்லாத கோல் உலகப் புகழ் பெற்றது. அது நம்முடைய ஞாபகத்தின் குணம், அந்த இரு செயல்களின் தரமல்ல.

ஞாபகத்தின் அநியாயம் பின் நாஸருக்கு இன்னொரு வகையிலும் இழைக்கப்பட்டது. பிழையான அந்தக் கோல் விழுந்து நான்கே நிமிடங்களில் மரடோனா இரண்டாவது கோலை அடித்தார். தன் பாதி மைதானத்திலிருந்து பந்தை எடுத்து ஏறத்தாழ அறுபது மீற்றர் தூரம், இங்கிலாந்து வீரர்களை ஒருவர் பின் ஒருவராகக் கடந்து, ஷில்டனையும் ஏமாற்றி அடித்த கோல். நூற்றாண்டின் கோல் என்று 2002இல் பீபா நடத்திய வாக்கெடுப்பில் தெரிவானது. அந்த ஓட்டத்தில் அவரை விழுத்த முயற்சிகள் நடந்தன. ஒவ்வொரு முறையும் விசிலை ஊதாமல், ஆட்டம் தொடரட்டும் என்று கூவியபடி பின்னால் ஓடியவர் பின் நாஸர். தவறிழைக்கப்பட்டவருக்கு ஆட்டம் தொடர்வதே நன்மையாயின் விசிலை நிறுத்தி வைக்கலாம் என்பது சட்டம் தரும் விருப்புரிமை. அவசரக்காரர் ஒருவர் நின்றிருந்தால் அந்தக் கோல் பிறந்தே இராது. தான் அதில் பெருமைப்படுவதாக அவர் சொல்லியிருக்கிறார். நியாயமான பெருமை. ஆனால் ஊதாத விசிலை யார் கேட்டார்கள்?

அந்த உலகக் கிண்ணத்துக்குப் பிறகு இன்னொரு உலகக் கிண்ணத்தில் அவர் விசில் ஊதவில்லை. 2015 ஓகஸ்டில் மரடோனா தூனிஸியாவுக்குச் சென்றபோது அவருடைய வீடு தேடிப் போனார். தன் கையொப்பமிட்ட ஆர்ஜென்டீனா ஜேர்ஸியொன்றைக் கொடுத்து, அலியை என்றென்றைக்குமான நண்பர் என்று அதில் எழுதியிருந்தார். பின் நாஸர் அந்தப் போட்டியின் புகைப்படமொன்றைச் சட்டமிட்டுக் கொடுத்தார். இருவரும் கட்டித் தழுவிக்கொண்டார்கள். தம்மை ஏமாற்றியவரை மன்னிக்கும் உரிமை அவருக்கு முழுமையாக உண்டு. அதைச் செய்தார். மரடோனாவும் தேடிப் போனாரே என்பதை நான் சிறிதாக எண்ணவில்லை. உரிமை பறிக்கப்பட்டவரின் வாசலுக்கு நடந்து போவது தௌபாவின் நிபந்தனைகளில் ஒன்று. ஆயினும் போக வேண்டிய வாசல்கள் இன்னும் இருந்தன. ஷில்டன் கடைசி வரை அவரை மன்னிக்கவில்லை.

2022இல் அந்தப் போட்டியின் பொருட்கள் ஏலத்துக்கு வந்தன. ஹொட்ஜ் மாற்றி வாங்கி வைத்திருந்த மரடோனாவின் ஜேர்ஸி எழுபது இலட்சம் பவுண்களுக்கு மேல் விலைபோனது. பின் நாஸர் முப்பத்தாறு ஆண்டுகள் பாதுகாத்து வைத்திருந்த பந்து இருபது இலட்சம் பவுண்களுக்கு விற்கப்பட்டது. பிழையைக் கடையில் வைத்து விற்றார் என்று சிலர் முகம் சுளித்தார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. அந்தப் பந்து அவரிடம் இருந்தது மட்டும்தான் அந்தப் பகலில் அவருக்கு மிஞ்சியது.

இப்போது கமெராக்கள் வந்துவிட்டன. 2018 உலகக் கிண்ணத்திலிருந்து மத்தியஸ்தருக்குத் துணையாகக் காணொளி மத்தியஸ்தர்கள் அமர்ந்திருக்கிறார்கள். அன்று இந்த ஏற்பாடு இருந்திருந்தால் அந்தக் கோல் ஒரு நிமிடத்தில் விலக்கப்பட்டிருக்கும். நல்லது. பிழை குறைவதை யார் வேண்டாம் என்பார்? ஆனால் 2019இல் சட்டத்தில் நடந்த ஒரு மாற்றத்தைக் கவனியுங்கள். கோல் அடித்தவரின் கையில் பந்து தற்செயலாகப் பட்டிருந்தாலும் கோல் இல்லை என்று எழுதிவிட்டார்கள். கமெராவால் கையைக் காண முடியும், நிய்யத்தைக் காண முடியாது. ஆகவே அந்த இடத்தில் நிய்யத்தைக் கேட்பதையே சட்டம் விட்டுவிட்டது. இது மைதானத்துக்குப் போதும். ஆனால் வீரர் உண்மை சொல்ல வேண்டிய அவசியமும் இத்தோடு இல்லாமற் போகிறது. யாரும் காணாதபோது என்ன செய்வாய் என்ற கேள்வியை இயந்திரம் தீர்த்து வைப்பதில்லை, தள்ளி வைக்கிறது.

நம்மில் பெரும்பாலோர் ஒருபோதும் மத்தியஸ்தராகப் போவதில்லை. காழியாகவும் போவதில்லை. ஆனால் நமக்குச் சாதகமாக ஒரு பிழையான தீர்ப்புக் கிடைக்கும் நாள் எல்லோருக்கும் வரும். காணிப் பிணக்கில், சொத்துப் பங்கீட்டில், பரீட்சைப் புள்ளியில், கடைக்காரர் கூடுதலாக எண்ணித் தந்த மிச்சக் காசில். தீர்ப்பளித்தவர் தன்னால் இயன்றவரை பார்த்திருப்பார். அவருடைய கண்ணுக்கு எட்டாத ஒன்று நம் கையில் இருக்கும். அந்த வேளையில் அலி பின் நாஸர் என்ற மனிதரை நினைத்துக்கொள்ளலாம். நாம் சொல்லாமல் விடும் உண்மையை, நம்மை நம்பிய ஒருவர் தன் வாழ்நாள் முழுவதும் சுமக்க நேரலாம்.